நீலப் பரப்பில் சிவப்புக் குச்சிகள்

அன்பு மனைவிக்கு,

உன் கணவனும் சளிப் பரிசோதனைக் கூடத்தின் மேற்பார்வையாளனுமாகிய நான் இதை எழுதுவது ஒரே நோக்கத்திற்காக: மகள் வீட்டிலிருந்து நீ இப்போது திரும்ப வேண்டாம். தொலைபேசியில் சொல்லியிருப்பேன், இருமல் பேசவிடாது.

மறுபரிசோதனை செய்பவர் நோயாளியின் பெயரை அறியக்கூடாது என்பது நான் வகுத்த விதி. இன்று இளைய பரிசோதகி ஒரு கண்ணாடித் தகட்டை நீட்டினாள். நுண்ணோக்கியில் நீலப் பரப்பெங்கும் சிவப்புக் குச்சிகள். இருபத்தைந்து ஆண்டுகள் பார்த்த கண்களே பிரமித்துப் போயின. வெறுங்கண்ணுக்குத் தெரியாத இந்தக் கிருமி உலகில் ஆண்டுதோறும் ஒரு கோடிப் பேரைப் படுக்கவைக்கிறது. எத்தனையோ குடும்பங்களின் பிழைப்பை முடக்குகிறது. இருந்தும் எவ்வளவு அழகு! "காசநோய், மூன்று பிளஸ்" என்று கிருமிப் பெருக்கத்தின் உச்ச அளவை எழுதிக் கையெழுத்திட்டேன்.

அவள் நகரவில்லை.

"சார், கோவிச்சுக்காதீங்க. இது காலையில நீங்க குடுத்த சளிதான்."

"நல்லாப் பாத்தியாம்மா?"

"நான் பாத்தது இருக்கட்டும் சார், நீங்களே கையெழுத்துப் போட்டுட்டீங்களே!"

"ஊருக்கெல்லாம் டெஸ்ட், உங்க இருமலுக்கு மட்டும் மிட்டாயா?" என்று நான்கு மாதமாக நீ கேட்டுவந்தாய். சென்ற மாதம் பேத்தி என் மார்பின்மேல் ஒரு மணி நேரம் தூங்கினாள். நான் அசையவே இல்லை. அவளை நாளையே மருத்துவரிடம் காட்டு. குழந்தைகளுக்குத் தடுப்பு மாத்திரை உண்டு. நீங்களும் பரிசோதித்துக்கொள்ளுங்கள்.

நாளைக் காலை எட்டு மணிக்கு, நான் முடிவெழுதி அனுப்பியவர்கள் நிற்கும் அதே வரிசையின் கடைசியில் நின்று, முதல் மாத்திரையை விழுங்குவேன்.

நீ 'ரூல்தடி' என்று அழைக்கும்
உன் கணவன்