மரியம்மாவுக்கு ஒரு சொல்

1987 பெப்ரவரி 9

நான் சொல்ல மகள் அக்னெஸ் எழுதுகிறாள். எனக்கு எழுத்துத் தெரியாது. அன்றன்று சொல்லிவிட்டால் நெஞ்சுப் பாரம் இறங்கும் என்று இந்தக் கொப்பியைத் தொடங்கியதும் அவள்தான். இறங்கியபாடில்லை.

மண்டபம் அகதி முகாமிலிருந்து சிஸ்டர் செலீன் எழுதியிருக்கிறார். என் மனுசி மரியம்மா மெட்ராசுக்கு மெடிக்கல் சோதனைக்குப் போகமாட்டாளாம். அவள் எங்களிடம் இங்கே வர, விசாவுக்கு அது ஒன்றுதான் மிச்சம். மே முடிவதற்குள் செய்யாவிட்டால் பைலை மூடிவிடுவார்கள். ஏன் மாட்டாள்? நான் செத்துப்போனேனாம். மகள் அதை மறைத்து என் பெயரில் காகிதம் போடுகிறாளாம்.

பெப்ரவரி 10

அவளைக் குறை சொல்லவும் முடியாது. முகாமில் பக்கத்து அறை அஞ்சலீனாவுக்கு, மகன் செத்து ஒரு வருசமாகியும் அவன் பெயரில் காகிதம் வந்துகொண்டிருந்தது. தாய் தாங்கமாட்டாள் என்று மறைத்தார்கள். எங்கள் சனத்தின் பழக்கம் அது.

கசெட்டில் பேசி அனுப்பினேன். "செத்த ஆளின்ரை குரலும் பெட்டிக்குள்ளை கிடக்கும்" என்றாளாம். படம் அனுப்பினால் பழசு என்பாள். உயிரோடிருப்பதை ஒரு மனிதன் வேறு எப்படிக் காட்டுவது?

பெப்ரவரி 15

கீழ்வீட்டு ஹஞ்ஷா அம்மா பூசை முடிந்து என்னோடுதான் நடந்து வருவார். என் வயதுதான். ஜெர்மனிக்குள்ளே சோர்ப் என்று ஒரு சின்னச் சனம் இருக்கிறது. அவர் அந்தச் சனம். அவரோடு அவர் பாஷையில் கதைக்க, நாங்கள் குடியிருக்கும் இந்தப் பார்க் எக்ஸ்டென்ஷனில் ஒருவரும் இல்லை. என் தலைமன்னார்த் துறைமுக இங்கிலிசில் விசயத்தைச் சொன்னேன்.

"நீயே எழுது, உன் கையால்" என்றார்.

நானா?

மார்ச் 3

அக்னெஸ் ஜான்-டலோன் சந்தைக்கு வேலைக்குப் போனபின் கீழே இறங்குகிறேன். ஹஞ்ஷா அம்மா தட்டில் மாவைப் பரப்பி விரலால் எழுதிக் காட்டுகிறார். தன் பாஷை எழுத்தைத்தான் காட்டுகிறார். வாய்க்குப் பொருத்தமான எழுத்து அதுதானாம். பார்வைக்கு இங்கிலிஸ் எழுத்துப் போலத்தான். ஆனால் சிலதின் தலையில் கடற்காகம் சிறகை விரித்தது போல ஒரு குறி இருக்கும். சிலதில் ஒரு கீறு. 'ஸ்' தலையில் காகம் இருந்தால் 'ஷ்'. 'ன்' தலையில் கீறு இருந்தால் 'ஞ்'. 'ல்'லைக் குறுக்கே வெட்டினால் 'வ்' ஆகிவிடும். ஏன் என்று கேட்டால் சிரிக்கிறார். அவர் சின்னதாயிருக்கும்போது அவர்களின் ஒரே பேச்சைக் கத்தோலிக்கர் ஒரு மாதிரியும் லூத்தரன் சபையார் வேறு மாதிரியும் எழுதினார்களாம். பிறகு ஜெர்மன் அரசு அந்தப் பாஷையில் அச்சடிக்கவே விடவில்லையாம்.

நான் எழுதினால் கோடெல்லாம் கோணலாகிறது. வலை பின்னிய கைதானே, ஏன் இப்படி?

மருமகன் பேனாட், "மாமா, எந்தக் கொலீஜிலை சேரப் போறியள்?" என்றார்.

"தம்பி பெயில் விட்ட கொலீஜிலைதான்."

மார்ச் 9

என் பெயரை எழுதிவிட்டேன். எனக்குப் பெயர் தந்த புனிதர், அர்ச்சியசிஷ்டவர் நிக்கலாஸ், அவர்களிடம் மிக்வவ்ஷ். ஆகவே நீக்கிலாப்பிள்ளையும் மிக்வவ்ஷ். காகம், வெட்டு ஒன்றும் பிசகவில்லை.

"இது உங்கடை பேர் மாதிரி இல்லையே, அப்பா" என்றாள் அக்னெஸ்.

"கை என்ரை கைதானே, பிள்ளை."

அவளுடைய காகிதத்தின் அடியில் எழுதி அனுப்பினோம்.

ஏப்ரல் 6

கெடுத்துவிட்டேன். "என்ரை மனுசன் கைநாட்டு. ஆர் இந்தப் புது ஆள்?" என்று கேட்டாளாம். என் ஆத்துமத்துக்குப் பூசை ஒப்புக்கொடுத்துவிட்டாளாம். முன்னே சந்தேகத்தில் செத்திருந்தேன். இப்போது நிச்சயமாகவே.

ஏப்ரல் 7

ஒரு சொல் இருக்கிறது. கலியாணம் முடித்த வருசம் நான் அவளுக்கு வைத்தது. வேறு ஆள் கேட்க ஒருநாளும் கூப்பிட்டதில்லை. அதைக் கேட்டால் அவளுக்குத் தெரிந்துவிடும். ஆனால் பெற்ற மகளிடம் சொல்லி எப்படி எழுதுவிப்பது? கசெட்டில் சொன்னால் முகாமே சுற்றியிருந்து கேட்கும்.

"என்ன சொல், அப்பா?"

எழுது பிள்ளை, கேளாதே.

ஏப்ரல் 10

ஹஞ்ஷா அம்மாவுக்கு மட்டும் சொன்னேன். "மை வைப் மரியம்மா" என்று சொல்லி, பிறகு அந்தச் சொல்லைச் சொன்னேன். கருத்துச் சொல்லவில்லை. திருப்பித் திருப்பிச் சொல்லவைத்து, என் வாயையே பார்த்திருந்து, ஒவ்வொரு சத்தத்துக்கும் ஓர் எழுத்துத் தந்தார். எழுதினது நான்.

சொல் தமிழ்தான். ஆனாலும் அக்னெஸ் பார்த்தால் விளங்காது. அதுதான் நல்லது, அதுதான் பயமும். சிஸ்டர் காகத்தை விட்டுவிட்டு வாசித்தால்? மரியம்மா அப்போதும் "ஆர் இந்த ஆள்" என்று கேட்டால்?

தனி உறையில் போட்டேன்.

ஏப்ரல் 30

ஒன்றும் வரவில்லை. தபால்பெட்டியை நாளுக்கு மூன்று தரம் திறந்து பார்க்கிறேன்.

மே 8

சிஸ்டரின் காகிதம். அக்னெஸ் வாசித்தாள், இரண்டு தரம் வாசிக்கச் சொன்னேன்.

சிஸ்டர் என் எழுத்தைக் கூட்டிப் படித்தாராம், ஒன்றும் விளங்கவில்லையாம். வேறு மாதிரி உடைத்துப் படித்தாராம். மூன்றாம் தரம் மரியம்மா எழும்பிவந்து தாளைப் பறித்தாளாம். "போதும் சிஸ்டர். இதை இனி ஒருதருக்கும் வாசிக்காதையுங்கோ" என்றாளாம். அதை மடியில் செருகிக்கொண்டு, மெட்ராசுக்கு எப்ப பஸ் என்று கேட்டாளாம்.

ஓகஸ்ட் 22

மிராபெல் விமான நிலையத்தில் மரியம்மா வந்து இறங்கினாள். என் கையைப் பிடித்துத் தடவிப் பார்த்தாள். காரிலும் விடவில்லை.

வீட்டு வாசலில் ஹஞ்ஷா அம்மா பூங்கொத்தோடு நின்றார். இரண்டு கையையும் விரித்து, மரியம்மாவைப் பார்த்து, தெரு முழுக்கக் கேட்க அந்தச் சொல்லால் கூப்பிட்டார். ஒரு சத்தம் பிசகவில்லை. ஹஞ்ஷா அம்மா, பாவி, அதை மரியம்மாவின் பெயர் என்று நினைத்திருக்கிறார்.

பேனாட் பெட்டியைக் கீழே வைத்துவிட்டார். மரியம்மா என் கையை விட்டாள்.

"ஊருக்கெல்லாம் சொல்லிப்போட்டியளோ?"

அக்னெசுக்கு இன்னும் சிரித்து முடியவில்லை. ஆகவே இன்று எழுதுவது பேனாட். அந்தச் சொல்லையும் எழுதட்டோ, மாமா, என்று கேட்கிறார்.

குசினிக்குள்ளிருந்து மரியம்மாவின் பதில் வருகிறது: "எழுதினால் இரவுக்குச் சோறில்லை, தம்பி."