ஏன் அவர் கையைப் பிடித்தீர்கள், பாய்?

என் அன்புக்கும் மதிப்புக்கும் உரிய பஷீர் பாய்,

நீங்கள் உயிரோடு இருந்தவரை உங்களுக்கு நான் ஒரு வரி எழுதியதில்லை. எழுதக் கூடாது என்று எனக்கு நானே விதித்திருந்தேன். வழக்கில் நீங்கள் புகார்தாரர், நான் சாட்சி. இருவருக்கும் இடையே ஒரு கைபேசி அழைப்பு இருந்தால்கூட எதிர்த்தரப்பு வழக்கறிஞர் அதைப் பிடித்துக்கொள்வார் என்பது என் கவலை. இப்போது தீர்ப்பு வந்துவிட்டது. மேல்முறையீடு செய்யப்போவதில்லை என்றும் அரசுத் தரப்பில் சொல்லிவிட்டார்கள். ஆகவே எழுதலாம். படிக்கத்தான் நீங்கள் இல்லை.

செய்தியை முதலில் சொல்லிவிடுகிறேன். அவர் விடுதலையாகிவிட்டார், பாய். நீதிமன்றம் விடுவித்த ஒருவரின் பெயரையோ அவர் இருந்த அலுவலகத்தின் பெயரையோ எழுதுவது முறையல்ல. ஆகவே 'அவர்' என்றே எழுதுகிறேன். யாரென்று உங்களுக்குத் தெரியும்.

இதை மற்றவர்களும் படிப்பார்கள். அதனால் உங்களுக்குத் தெரிந்ததையே உங்களிடம் மறுபடி சொல்ல வேண்டியிருக்கிறது. பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஏற்காடு கடைவீதியில் காபித்தூளும் மிளகும் தேனும் விற்கிற உங்கள் கடைக்கு உரிமம் புதுப்பிக்க விண்ணப்பித்தீர்கள். உரிய கட்டணத்தைக் கட்டிய பிறகும் அவர் தனக்கென்று ஒரு தொகை கேட்டார். நீங்கள் சேலத்துக்கு இறங்கி லஞ்ச ஒழிப்புத் துறையிடம் புகார் கொடுத்தீர்கள். இப்படிப் பொறிவைத்துப் பிடிக்கும்போது, சம்பந்தமில்லாத வேறு துறையின் ஊழியர் ஒருவர் உடனிருந்து பார்த்துச் சாட்சி சொல்ல வேண்டும் என்பது நடைமுறை. சேலத்தில் வேறோர் அரசு அலுவலகத்தில் கண்காணிப்பாளராக இருந்த என்னை அதற்கு அழைத்தார்கள். அன்று காலைவரை உங்கள் முகத்தை நான் பார்த்ததில்லை.

நோட்டுகளில் வெள்ளைப் பொடி தடவினார்கள். அந்த நோட்டைத் தொட்ட ஒருவர் விரலைக் கரைசலில் முக்கியதும் தண்ணீர் நிறம் மாறியது. நீங்கள் குனிந்து பார்த்தீர்கள்.

"ஏனுங்க, ரோஸ்மில்க் மாதிரியே இருக்குதுங்களே!"

இன்ஸ்பெக்டர் சிரிக்கவில்லை. "பாய், நல்லாக் கேட்டுக்குங்க. அவரு கேட்டாத்தான் நோட்ட எடுக்கணும். எடுத்த பொறவு வேற எதையும் தொடக் கூடாது. முக்கியமா யாருக்கும் கையக் கியக் குடுத்துறாதீங்க."

"சரிங்க," என்றீர்கள். என் காதால் கேட்டேன். தெளிவாகச் சொன்னீர்கள்.

மலையேறி அந்த அலுவலகத்துக்குள் போனபோது மழை பிடித்துக்கொண்டது. தகரக் கூரை. உங்கள் சட்டைப்பையில் குரல் பதியும் கருவி ஒன்று இருந்தது. பிற்பாடு நீதிமன்றத்தில் அதைப் போட்டுக் காட்டியபோது, தகரத்தில் விழுந்த மழையைத் தவிர அதில் ஒன்றும் கேட்கவில்லை. ஆகவே அந்த அறையில் பேசியதைக் கேட்டவர்கள் மூன்றே பேர்தான்: அவர், நீங்கள், நான்.

அவர் என்னைப் பார்த்தார். "யாரு பாய் இது?"

"நம்ம கடைக்குச் சரக்குப் போடறவருங்க. மழைக்கு ஒதுங்க எடமில்லாம கூடவே வந்துட்டாருங்க."

வேடம் எனக்குப் பொருந்தவில்லை. கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் குடையைப் பிடித்துக்கொண்டு நின்றேன். அவர் அதைப் பொருட்படுத்தவில்லை.

"கொண்டாந்தீங்களா?"

"கொண்டாந்தனுங்க."

நோட்டுகளை எடுத்து நீட்டினீர்கள். அவர் கை நீட்டவில்லை. மேசைமேல் மடித்துக் கிடந்த செய்தித்தாளை முகவாயால் காட்டினார். அதற்குள் செருகினீர்கள். "நாளைக்கு வந்து வாங்கிக்குங்க. ஏவாரம் எப்படிப் போகுது?" என்று சாதாரணமாகக் கேட்டார். "ஏதோ ஓடுதுங்க," என்று எழுந்தீர்கள். எழுந்தவர், சட்டென்று அவருடைய வலக்கையை உங்கள் இரண்டு கைகளுக்குள்ளும் எடுத்துக்கொண்டீர்கள். சற்றுக் குனிந்தீர்கள். சாதாரணமாகக் கை கொடுப்பதைவிடச் சிறிது நேரம் அதிகமாகவே பிடித்திருந்தீர்கள். பிறகு வெளியே வந்து தொப்பியைக் கழற்றி முகத்தைத் துடைத்தீர்கள். வெளியே காத்திருந்த போலீசாருக்கு அதுதான் சைகை.

உள்ளே வந்து அவர் வலக்கையைக் கரைசலில் முக்கினார்கள். நிறம் மாறியது. 'லஞ்சப் பணத்தைக் கையால் பெற்றுக்கொண்டார்' என்று சம்பவ அறிக்கையான மகஜரை எழுதத் தொடங்கினார்கள். நான் குறுக்கிட்டேன்.

"நோட்ட அவர் தொடவே இல்லைங்க. பேப்பருக்குள்ள வெச்சது பாய். அவர் கை மாறுனது, பாய் அவர் கையப் புடிச்சதால."

இன்ஸ்பெக்டர் பேனாவை மூடினார். "சார், பணம் பேப்பருக்குள்ள இருக்குது. கையும் செவந்துருச்சு. இன்னும் என்னங்க வேணும் உங்களுக்கு?"

"பார்த்தத எழுதணுங்க."

இன்ஸ்பெக்டர் பேனாவை மறுபடி திறந்தார். நல்ல மனிதர், எழுதினார். நான் கையெழுத்திட்டேன்.

படியிறங்கும்போது உங்களைக் கேட்டேன். "அவ்வளவு சொல்லியும் ஏன் பாய்?"

"கை தானாப் போயிருச்சுங்க சார். ஒருத்தருகிட்ட போயிட்டு வரேன்னு சொன்னா ரெண்டு கையும் சேந்து போறதுதானுங்க எங்களுக்குப் பழக்கம்."

அந்தப் பதில் எனக்குப் போதுமானதாக இருந்தது. பழக்கம் என்பது புரிந்துகொள்ளக் கூடியது.

அதன் பிறகு என் துறையில் என்னையே ஏற்காட்டுக்கு மாற்றினார்கள். பஸ்ஸிலிருந்து இறங்கி அலுவலகத்துக்கு நடக்கிற வழியில் உங்கள் கடை. தினமும் கூப்பிட்டீர்கள். தினமும் கைகூப்பி மறுத்துவிட்டு நடந்தேன்.

"சார், இது டீங்க. லஞ்சமில்லீங்க!" என்று ஒருநாள் தெருவே கேட்கச் சொன்னீர்கள். பக்கத்துக் கடைக்காரர்கள் எல்லாம் சிரித்தார்கள். எனக்கும் சிரிப்பு வந்தது.

"கேஸ் முடியட்டும் பாய்."

"அது முடியறதுக்குள்ள நான் முடிஞ்சிருவேனாட்ட இருக்குதே!"

அப்படியே ஆயிற்று. விசாரணைக்கு வழக்கு வருமுன் நீங்கள் போய்விட்டீர்கள். உங்களைத் தூக்கிக்கொண்டு போனபோது எதிர்ச்சாரியில் நின்றேன். கூட்டத்தில் சேரவில்லை. அது சரியா, தவறா? சாட்சி என்கிற நிலையில் சரி. வேறு எந்த நிலையில் பார்த்தாலும் எனக்கு விளங்கவில்லை.

நீங்கள் ஏறவேண்டிய கூண்டில், உங்களுக்கும் சேர்த்து நான் ஏறினேன்.

'கொண்டாந்தீங்களா' என்று கேட்டாரே, எதை என்று சொன்னாரா என்றார் அவருடைய வழக்கறிஞர். சொல்லவில்லை என்றேன். பழைய உரிமத்தின் நகலைக் கேட்டிருக்கலாம் அல்லவா என்றார். பணத்தைத்தான் கேட்டார் என்று எனக்கு உறுதியாகத் தெரியும், பாய். ஆனால் பணம் என்ற சொல் என் காதில் விழவில்லை. முகவாயால் காட்டியதைச் சொன்னேன். "மேசைமேல் இருந்த வேறொன்றைப் பார்த்திருக்கலாம்," என்றார். கை நிறம் மாறியது நோட்டைத் தொட்டதாலா என்றார். இல்லை என்றேன்.

பிறகுதான் அந்தக் கேள்வி. "பொடி ஒட்டிய கையோடு புகார்தாரர் இவர் கையைப் பற்றியது, இவரைச் சிக்கவைக்கத்தானே? வேண்டுமென்றே பூசிவிட்டார், அப்படித்தானே?"

எனக்குக் கோபம் வந்தது. "பழக்கம் என்று அவர் என்னிடம்..." என்று தொடங்கினேன். புகார்தாரர் மனத்தில் என்ன இருந்தது என்று உங்களுக்குத் தெரியுமா, ஆம் அல்லது இல்லை என்றார். தெரியாது என்றேன். அதுதான் உண்மை.

சந்தேகத்தின் பலன் அவருக்குப் போயிற்று. வேறோர் ஊரில் மறுபடி வேலையில் சேர்ந்திருக்கிறார் என்று கேள்வி.

கடைவீதியில் என்னை யாரும் திட்டவில்லை. திட்டியிருக்கலாம். மலையிலிருந்து பலாப்பழம் கொண்டுவந்து விற்கிற சடையன் மட்டும் ஒருநாள் வழிமறித்துக் கேட்டார். "ஏனுங்க சார், சாமி கும்புடறாப்பல அன்னைக்கு ஒரு நிமிசம் கண்ண மூடிக்கிட்டிருந்தா என்னுங்க? நீங்க நொம்பப் பாத்துட்டீங்க."

கண்ணை மூடியிருந்தால் உங்களுக்கு நியாயம் கிடைத்திருக்கும். பொய்யான ஒரு வரியால் கிடைக்கிற நியாயத்துக்கு என்ன பெயர்? அந்த ஒரு வரிக்காகக் குற்றவாளியை வெளியே விட்ட உண்மைக்கு என்ன பெயர்? விதிகளை நான் நன்றாகப் படித்தவன். இதற்கு எங்கும் ஒரு குறிப்பைக் காணோம்.

தீர்ப்பு நாளன்று உங்கள் வீட்டம்மா மும்தாஜ் அக்காவும் சேலத்துக்கு வந்திருந்தார். திரும்பும்போது மலைப்பாதையில் மண் சரிந்து, அடிவாரம் வழியை அடைத்துவிட்டார்கள். குப்பனூர் வழியாகச் சுற்றிப் போகிற பஸ்ஸில் ஒரே ஓர் இருக்கைதான் காலி. அக்காவுக்கு எதிர்ச்சாரியில். வழக்கு முடிந்துவிட்டது என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டு உட்கார்ந்தேன்.

வளைவுகளில் தலைசுற்றாமலிருக்க எலுமிச்சம்பழத்தை முகர்ந்துகொண்டிருந்தவர், தானாகவே பேசினார். "அந்த வக்கீலு சொன்னாரே, வேணும்னே புடிச்சாருன்னு. வேணும்னேதானுங்க புடிச்சாரு."

நான் அவர் பக்கம் திரும்பினேன்.

"பொடி பூசறதுக்கு இல்லீங்க. மொத நா ராத்திரி பூராப் பொலம்புனாரு. 'அவனுக்கும் புள்ள குட்டி இருக்குது மும்தாசு. நம்பி உக்காந்திருக்கறவன உள்ள தள்ளப் போறன். கையப் புடிச்சு மனசுக்குள்ளயாச்சும் மாப்புக் கேட்டுட்டுத்தான் வருவன்'னாரு. போலீஸ்காரங்க வேண்டாம்னு சொல்லுவாங்கன்னு அவருக்குத் தெரியாதுங்க. சொன்ன பொறவும் மனசு கேக்கல போலிருக்குது."

"என்கிட்ட பழக்கம்னு சொன்னாருங்களே அக்கா."

"உங்ககிட்ட வேற என்னத்தச் சொல்லுவாருங்க? நீங்க அதையும் எழுதச் சொல்லியிருப்பீங்க!"

சொல்லிவிட்டுச் சிரித்தார். பிறகு முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார்.

பாய், எது உண்மை? தானாகப் போன கையா, மன்னிப்புக் கேட்ட கையா? லஞ்சம் கேட்டவர் அவர். நீங்கள் எதற்காக அவரிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும்? உங்கள் இரக்கமும் என் கண்டிப்பும் சேர்ந்தல்லவா அவரைக் காப்பாற்றின? நாம் இருவரும் கொஞ்சம் மோசமானவர்களாக இருந்திருந்தால் வழக்கு வென்றிருக்கும் என்றால், இதை நான் எப்படி எடுத்துக்கொள்வது? இரவில் இல்லை, பட்டப்பகலில், கோப்பைத் திறந்து வைத்துக்கொண்டு யோசித்தபடி உட்கார்ந்துவிடுகிறேன். பக்கத்து மேசைக்காரர்கள் உடம்புக்கு என்ன என்று கேட்கிறார்கள்.

இன்னொரு செய்தியும் சொல்ல வேண்டும். கடை உரிமம் இன்னும் உங்கள் பெயரில் இருக்கிறது. அக்கா பெயருக்கு மாற்றக் கேட்டு விண்ணப்பம் கொடுத்தாயிற்று. எல்லாச் சான்றும் இணைத்தாயிற்று, நானே சரிபார்த்தேன். அதே அலுவலகம், நாற்காலியில் வேறொருவர். பணம் எதுவும் கேட்கவில்லை. "நாளைக்கு வாங்கம்மா," என்கிறார்கள். போன வாரம் அங்கே ஒருவர், "உங்க ஊட்டுக்காரரு பெரிய ஆளாச்சுங்களே, உங்க பேப்பர நாங்க பயந்து பயந்துதான் தொடணும்," என்றாராம். இடையில், நடத்துபவர் பெயரில் உரிமம் இல்லாத கடையைப் பூட்டி முத்திரை வைப்போம் என்று கதவில் நோட்டீசு ஒட்டிவிட்டார்கள். அக்காவுக்குச் சோறு போடுவது அந்தக் கடை.

"கொடுத்துட்டா முடிஞ்சுதுங்க சார், கொடுத்தறட்டுங்களா?" என்று அக்கா கேட்டார். கேட்டுவிட்டு உடனே, "இல்லீங்க, மேல போனா அவரு மொகத்துல முழிக்கணுமில்ல," என்றார்.

திங்கட்கிழமைக்கு விடுப்பு எழுதிக் கொடுத்திருக்கிறேன். அக்காவோடு நானும் அந்த அலுவலகத்துக்குப் போகிறேன். தாமதத்துக்குக் காரணம் என்ன என்று எழுத்தில் கேட்பேன். எழுத்தில் பதில் வரும்வரை அங்கே காத்திருப்போருக்குப் போட்ட விசுப்பலகையை விட்டு எழமாட்டேன். யாராவது கை நீட்டினால், இம்முறை புகார் என் பெயரில் போகும். எனக்குப் பக்கத்தில் முன்பின் தெரியாத யாரோ ஒருவரைச் சாட்சியாக நிறுத்துவார்கள். அவர் பார்த்ததை மட்டும் சொல்லட்டும். அதனால் நான் தோற்றாலும் அவரை நான் குறைசொல்லமாட்டேன்.

எதிரே உட்கார்ந்திருப்பவரின் முகத்தைப் பார்க்கும்போது என் மனம் என்ன செய்யும் என்று மட்டும் தெரியவில்லை, பாய். உங்களைப் போலக் கலங்குமா? கலங்க வேண்டுமா, கூடாதா? குழப்பம் தீர்ந்த பிறகு போகலாம் என்று காத்திருந்தால் கடையைப் பூட்டிவிடுவார்கள். ஆகவே குழப்பத்தோடே போகிறேன். ஒன்றை மட்டும் உறுதியாகச் சொல்ல முடியும்: அக்கா அந்தப் படியில் இனி ஒருநாளும் தனியாக ஏறமாட்டார்.

இப்படிக்கு,
சாட்சிப் பொறுப்பு முடிந்துவிட்டதால் இனி இப்படிக் கையெழுத்திடத் தடையேதும் இல்லாத,
உங்கள் தம்பி
நடேசன்