ஏரிக் காட்சிக்குத் தமிழ் எழுதியவள்

செயின்ட்-மிஷேல், மொன்றியல்
நவம்பர் 9

அன்புள்ள ஆர்த்திகா,

நீ சுகமாக இருக்கிறாய் என்பது நீ அனுப்பிய போட்டோவிலேயே தெரிந்தது. இல்கா ப்ரென்டலின் கை உன் தோளில். அதைப் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தேன். அவள் நகத்தில் பாதி உதிர்ந்த பச்சைப் பூச்சு. அதுகூட உன் தோளில்தான் இருக்கிறது.

பதினான்கு வருடமாக நடிக்கிறாள், ஒன்பது படம். ஒரு போஸ்டரிலும் அவள் பெயர் முதலில் வந்ததில்லை. இடையில் பேக்கரியில் பாண் விற்றிருக்கிறாள். அவள் வீட்டிலிருந்து இரண்டு ஸ்டேஷன் தள்ளி டோர்ட்முண்டில் இருந்துகொண்டு, "ஆரடி அது?" என்று என்னிடம் கேட்டவள் நீ. மெட்ரோவில் போகவர யூடியூப் பார்த்து ஜெர்மன் படித்து, ஐந்து படத்துக்குத் தமிழ் சப்டைட்டில் எழுதியவள் நான்.

சப்டைட்டிலின் கடைசியில், தமிழில் எழுதியவர் என்று உன் பெயரைப் போட்டதும் நான்தான். இரண்டாவது படத்தில் அவள் உடுப்பில்லாமல் ஏரிக்குள் இறங்குகிறாள். இதற்குத் தமிழ் எழுதியது இரவிச்சந்திரனின் மகள் என்று கோயிலில் ஒருவர் சொன்னால் போதும், அம்மா ஒரு கிழமை சாப்பிட மாட்டார். உங்கள் வீட்டில் ஒன்றும் சொல்ல மாட்டார்கள், உன் பெயரே இருக்கட்டும் என்று கெஞ்சினேன்.

இப்போது இல்கா உன்னைத் தேடிப்பிடித்து நன்றி சொல்லி, அடுத்த படத்தில் பக்கத்து வீட்டுப் பெண்ணாக நடிக்கவும் கூப்பிட்டிருக்கிறாள். ஏரிக் காட்சியில் அவள் பேசும் வசனத்தைத் தமிழில் எப்படி எழுதினாய் என்று கேட்டாளாம். தமிழ் எழுத்துக்கூட்டி வாசிக்கிற நீ சும்மா சிரித்துவிட்டு வந்தாயாம். அதைக் கேட்டதும் எனக்கு வயிறு எரிந்தது. அந்த வசனத்தை நான் பதினொரு தரம் மாற்றி எழுதினேன்.

"நான் உண்மையைச் சொல்லட்டோ, வேண்டாமோ? நீ சொல்லுறதைச் செய்யிறன்" என்று போனில் அழுதாய். வேலை இருக்கிறது, பேந்து கதைக்கிறேன் என்று வைத்துவிட்டேன். ஒரு வேலையும் இல்லை. நீ மூன்று நாள் தவிக்க வேண்டும் போல இருந்தது. மன்னித்துக்கொள்.

இன்று காலை அம்மாவைப் பக்கத்தில் இருத்தி அந்தப் படத்தைப் போட்டேன். எழுதியது நான் என்றும் சொன்னேன். ஏரிக் காட்சி வந்தது. அம்மா கண்ணை எடுக்காமல் பார்த்தார். "உந்தக் குளிருக்குள்ளை இறங்கிறா, தடிமன் பிடிக்காதோ?" என்றார். அதன்பிறகு என்னோடு கதைக்கவில்லை. ஆனால் மத்தியானம் சாப்பிட்டார்.

அதனால் இல்காவிடம் உண்மையைச் சொல்லிவிடு. வெள்ளிக்கிழமை படப்பிடிப்புக்குக் கட்டாயம் போ, என்னால் நின்றுவிடாதே. நல்லாக நடி. மிகவும் நல்லாக வேண்டாம்.

கடவுள் உன்னோடு இருக்கட்டும். என் பெயர் இல்காவுக்கு ஒரே தரத்தில் பிடிபடாது. ஆறுதலாகச் சொல்லு. இரண்டு தரம் சொல்லு.

இன்னும் எரிச்சல் தீராத உன்
சாம்பவி