ஒன்பதுக்கு முன் பொருத்திய தகடு

அன்புள்ள அம்மா,

சனியும் ஞாயிறும் வீட்டில் நடந்ததைக் கூட்டாமல் குறைக்காமல் எழுதுகிறேன். நான் செய்த தவறும் இதில் வரும்.

தங்கச்சி தேவி படுக்கும் அறையில் ஜன்னலைச் சுற்றியிருந்த பலகை உளுத்துவிட்டது. மழை பெய்தால் உள்சுவர் நனைகிறது. சுவர் நனைந்தால் அவளுக்கு மூச்சு இழுக்கிறது. அதனால் வெளிப்பலகையின் மேல் அலுமினியத் தகடு அடிக்க அப்பா முடிவு செய்தார். ஈப்போவில் அலுமினியக் கடையில் வேலை செய்யும் சித்தப்பா வியாழக்கிழமையே தகடுகளைக் கொண்டுவந்து வைத்தார்.

கட்டோடு ஒரு தாள் இருந்தது, மலாயில், படங்களோடு. இரண்டு முறை படித்தேன். முதலில் ஜன்னலின் அடியில் ஒரு தகடு, பிறகு இரு பக்கமும். மேலே வரும் தலைத்தகடு கடைசியில்தான். அது பக்கத் தகடுகளின் மேல் ஏறி நின்றால்தான் மழைநீர் வெளியே வழியும்.

சனிக்கிழமை சித்தப்பா வந்தபோது மணி எட்டே முக்கால்.

“ஒம்போதுக்கு ராகு காலம் தொடங்குது. இப்பதான் வாரியா?” என்றார் அப்பா.

“ரொட்டி சானாய் கடையில கூட்டம் லா, அண்ணே. ஒரு தகட்ட மாட்டிட்டா வேலை தொடங்குன மாதிரிதான்.”

நீங்கள் இருந்தபோது அப்பா நேரம் பார்த்ததே இல்லை. நீங்கள் பார்த்தால் கிண்டல் செய்வார். உங்களை மருத்துவமனைக்குக் கொண்டுபோனது ஒரு சனிக்கிழமை, ஒன்பதரைக்கு; நீங்கள் திரும்பி வரவில்லை. அதைப் பற்றி எங்களிடம் அவர் பேசியதில்லை. நீங்கள் நேரம் பார்க்கும் காலண்டரைத் தன் கட்டிலுக்குப் பக்கத்தில் மாட்டிக்கொண்டார், அவ்வளவுதான்.

அடித்தகடு நீளமாக இருந்தது, வெட்ட நேரமில்லை. தலைத்தகடு அளவாக இருந்தது. எட்டு ஐம்பத்தாறுக்கு அப்பா அதைத் தன் கையாலேயே முடுக்கினார். மற்றவற்றைப் பத்தரைக்குப் பிறகு தொடங்கினார்கள்.

“மேல உள்ளத கழட்டிட்டு பக்கத்தப் போடலாமாண்ணே?”

“நல்ல நேரத்துல வச்சதக் கழட்டுறதா? அது மேலயே போடு.”

“சரி, சிலிக்கான் பூசிட்டா போச்சோர் ஆகாது, ஒழுகாது லா.”

நான் ஏணியைப் பிடித்துக்கொண்டிருந்தேன். தாள் என் பையில் இருந்தது. வாய் திறக்கவில்லை. அப்பா ஏதோ பாட்டை முணுமுணுத்துக்கொண்டிருந்தார். பல மாதங்களாகக் கேட்காத சத்தம் அது. அது ஒரு காரணம் ஆகுமா அம்மா?

ஞாயிறு மூன்றரைக்கு மழை பிடித்தது. ஜன்னலின் இடது மூலையிலிருந்து உள்சுவரில் நீர் இறங்கியது. நாலரைக்கெல்லாம் தேவிக்கு இழுப்பு வந்துவிட்டது. மருந்தை இரண்டு முறை உறிஞ்ச வைத்தேன். கொஞ்சம் அடங்கியது. பிறகு தாளை அப்பாவிடம் கொடுத்தேன்.

அவர் படங்களை விரலால் தொட்டுத் தொட்டுப் பார்த்தார்.

“நேத்தே தெரியுமா?”

“தெரியும்பா.”

“வாயில என்ன, கொழுக்கட்டையா?”

“நல்ல நேரத்துல வச்சதுன்னு சொன்னீங்க. அதான்...”

மழை விட்டிருந்தது. மணி ஐந்தடிக்கப் பத்து நிமிடம். ஞாயிற்றுக்கிழமை நாலரையிலிருந்து ஆறு வரை ராகு காலம்.

“ஆறு மணிக்கு மேல கழட்டலாம்பா.”

“மறுபடி வானம் கறுக்குது. ஆறு வரைக்கும் அவ நெஞ்சு காத்திருக்குமா? ஸ்குரு டிரைவர எடு.”

பக்கத் தகடுகளின் மேல்முனை ஸ்குருக்களைத் தளர்த்தி, தலைத்தகட்டையும் கழற்றி உருவி எடுத்தார். காய்ந்த சிலிக்கானைச் சுரண்டியது நான். தலைத்தகட்டைப் பக்கத் தகடுகளின் மேலே ஏற்றி முடுக்கும்போது, என்னைப் பார்க்காமலே சொன்னார்:

“அன்னைக்குப் பத்தரை வரைக்கும் காத்திருந்தாலும் உங்கம்மா பொழைச்சிருக்க மாட்டா.”

நான் கடைசி ஸ்குருவை எடுத்து நீட்டினேன்.

வெளியிலிருந்து ஜன்னலின் மேல் ரப்பர் குழாயால் நீர் அடித்தார். நான் உள்ளே சுவரைத் துடைத்துவிட்டு, மூலையில் உள்ளங்கையை வைத்துக்கொண்டு நின்றேன்.

“வருதா?”

“இல்லப்பா.”

“நல்லாப் பாத்துச் சொல்லு. இப்பவாவது சொல்லு.”

“ஒரு சொட்டுகூட வரலப்பா!”

ராகு காலத்தில் செய்த வேலை என்று கோபித்துக்கொள்வீர்களா? தெரியவில்லை. எனக்குத் தெரிந்ததை இனி அந்த நேரத்திலேயே சொல்வேன், யார் முகம் வாடினாலும். இது உங்களுக்கு நான் கொடுக்கும் வாக்கு.

ஆறரைக்கு மறுபடி மழை கொட்டியது. ஒன்பது மணிவரை விடவில்லை; சுவர் நனையவில்லை. தேவி தூங்கிய பிறகு அப்பா குனிந்து, அவள் முதுகில் காதை வைத்து வெகுநேரம் கேட்டார். இழுப்பு இல்லை. விளக்கை அணைத்தார்.

உங்கள் மூத்த மகள்,
தேவியின் அக்கா