பெரட்டில் இல்லாத பேர்

அன்புள்ள அம்மாவுக்கு,

மஸ்கெலியாவில் மழை விட்டதா? அட்டை கடித்த கால் ஆறிவிட்டதா? அப்பா மாத்திரையை ஒழுங்காகப் போடுகிறாரா? நான் சுகமாக இருக்கிறேன். போனில் பேசினால் குரலை வைத்தே எதையாவது கண்டுபிடித்துவிடுவீர்கள், அதனால்தான் கடிதம்.

நான் வேலை செய்யும் முதியோர் இல்லத்தில் புதன்கிழமை ஓர் ஊமைப் படம் போட்டார்கள். நூறு வருடத்துக்கு முந்திய ஜெர்மன் சிரிப்புப் படம், பத்தே நிமிடம். இங்குள்ள பாட்டிமாரின் அம்மாக்களுக்கு அதில் வேலைக்காரியாக வரும் நடிகை என்றால் உயிராம். பங்களா வேலைக்காரிகள் காலையில் வரிசையாக நிற்க, இவள் மட்டும் பிந்தி வந்து, துரைசாணியின் முதுகுக்குப் பின்னால் பதுங்கி வரிசையில் நுழைகிறாள். தோட்டத்தில் காலையில் பேர் கூப்பிடுகிற கண்டாக்கையா கண்ணில் படாமல் நீங்கள் நுழைகிற அதே நடை!

"ஐயோ, பெரட்டுக்கு லேட்டு!" என்று கத்திவிட்டேன்.

எல்லாரும் சிரித்தார்கள். படத்தில் யாரும் பேசாததால் எனக்கும் எல்லாம் புரிந்தது. வந்த நாலு மாதத்தில் அன்றுதான் அவர்களோடு சேர்ந்து சிரித்தேன்.

பெரட்டு என்றால் காலையில் பேர் கூப்பிட்டு வேலைக்கு அனுப்புவது என்று சொல்ல எனக்கு ஜெர்மன் வரவில்லை. என் பேர் பாட்டிமார் வாயில் நுழைந்ததே இல்லை; அதுதான் என் பேர் என்று நினைத்துவிட்டார்கள். இப்போது எல்லாருக்கும் நான் "பெரட்டு". வேடிக்கைதான்.

கறிவேப்பிலை காயவைத்து அனுப்புங்கள். நம் தேயிலைத்தூளும் கொஞ்சம். அப்படியே, கண்டாக்கையா கூப்பிடுகிற மாதிரி என் பேரைச் சத்தமாகச் சொல்லி, போனில் பதிந்து அனுப்புங்கள். "இருக்கேங்க"ன்னு ஒருதரம் பதில் சொல்ல வேண்டும்.

பஸ் வந்துவிட்டது.

உங்கள் மகள்
சுலக்ஷனா