நட்சத்திரம் போட்ட லைசென்ஸ்

மிச்சிகன்,
மார்ச் 3

அன்புள்ள அம்மாவுக்கு ரெய்னோ எழுதுவது.

நான் சுகம். உன் முழங்கால் வலி எப்படி இருக்கிறது? சாலையில் பனி, அதனால்தான் அப்பாவின் அடக்கத்துக்கு வர முடியவில்லை என்று போனில் சொன்னேன். அது பொய். பாலம் தாண்டி உங்கள் கனடாக் கரை வரை வந்தேன்.

எல்லையில் இருந்த பெண் அதிகாரி என் டிரைவிங் லைசென்ஸைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "நட்சத்திரம் போட்டது உங்க நாட்டுக்குள்ள விமானம் ஏறத்தான் சார். கனடாவுக்குள்ள வரக் கொடி போட்ட லைசென்ஸ் வேணும், இல்ல பாஸ்போர்ட்."

"பதினோரு மணிக்கு எங்கப்பாவைப் புதைக்கிறாங்கம்மா."

"கஷ்டமாத்தான் இருக்கு. ஆனா விட முடியாது."

தப்பு என்னுடையது. லைசென்ஸ் புதுப்பித்தபோதே, "கொடி போட்டது வேணுமா?" என்று கேட்டார்கள். "நான் எங்க எல்லை தாண்டப் போறேன்? மலிவானதைக் குடு" என்றேன். ஒன்பது வருஷமாக உங்களைப் பார்க்க வராதவன் வேறு என்ன சொல்வான்?

இப்போது கொடி போட்டதற்கு எழுதிக் கொடுத்திருக்கிறேன். மூன்று வாரம் ஆகும். அப்பாவின் பனி பூட்ஸை யாருக்கும் கொடுத்துவிடாதே, எனக்கும் அதே அளவுதான். கல்லறைக்கு நீ என்கூட வர வேண்டாம், வழுக்கும். எந்த வரிசை, எத்தனையாவது இடம் என்று மட்டும் எழுது. எனக்குத் தெரியாது, அம்மா.

கடைக்குப் படகு மோட்டார் வாங்க ஆள் வந்துவிட்டது, நிறுத்துகிறேன்.

உன் மகன்
ரெய்னோ