பேசாமல் இருப்பது எந்த வகை

ஆகஸ்ட் 11, திங்கள்
கச்சான் காற்று. மேசையெல்லாம் மணல். கீபோர்டைக் கவிழ்த்துத் தட்டினேன்.

ஒஃபிஸில் தர்ஷினியோடு வழக்கமான சண்டை. புரோகிராம் கோடில் ஒவ்வொன்றும் என்ன வகை, எண்ணா எழுத்தா என்று நாமே எழுத வேண்டுமா, கோடை வாசிக்கும் கம்பைலர் ஊகிக்க விடலாமா. என் கட்சி: விடலாம். எதிரே எண் நிற்கிறது. பக்கத்தில் "இது எண்" என்று வேறு எழுதுவானேன்? அவள்: "எழுதின உனக்கு விளங்கும். பிறகு வாறவனுக்கு?" அவளுடைய பாண்டிருப்பு பஸ் வந்தது, சண்டை முடிந்தது.

வீட்டில் மாப்பிள்ளைப் பேச்சு. மருதமுனை. எஞ்சினியர். படம் பார்த்தேன், பரவாயில்லை. கலியாணத்துக்குப் பிறகு நான் வேலைக்குப் போகக் கூடாது என்கிறார்களாம் அவர்கள் வீட்டில். ஒன்றும் சொல்லவில்லை. தேங்காய் துருவினேன்.

12, செவ்வாய்
நாங்கள் கணக்குப் புரோகிராம் எழுதிக் கொடுத்த நெல் ஆலைக்காரர் ஃபோன். "தங்கச்சி, ஈர நெல்லும் காய்ஞ்ச நெல்லும் உங்கட கணக்குல ஒண்டா?" சராசரி ஈரப்பதத்தில் தசமம் காணவில்லை. என் வேலைதான். முழு எண்ணை முழு எண்ணால் வகுத்தேன்; விடையும் முழு எண்தான் என்று கம்பைலர் எடுத்துக்கொண்டது. தசம எண் என்று ஒரு சொல் எழுதியிருந்தால் அங்கேயே மறித்திருக்கும். தர்ஷினி சிரிக்கவில்லை. அதுதான் எரிச்சல்.

14, வியாழன்
முடிவு: கோடின் ஒரு துண்டுக்குள்ளே, ஃபங்ஷனுக்குள்ளே, ஊகம் போதும். வெளியே போகும் விடைக்கு வகை கட்டாயம். தர்ஷினி: "இதத்தானே அண்டைக்கே சொன்னன்." பொய். எல்லா இடத்திலும் எழுது என்றாள்.

உம்மா கேட்காமலே சீனி குறைத்துத் தேத்தண்ணி தருவது நல்ல ஊகம். தினமும் கேட்டால் பைத்தியம் பிடிக்கும்.

பின்னேரம் வாப்பா ஃபோனில், மாப்பிள்ளையின் மாமாவிடம்: "மகள்ட்ட சொன்னம். பேசாம இருந்தா. பொம்புளப் புள்ள பேசாம இருந்தா சம்மதந்தானே. வேலய உடுவா."

கோபம். வாப்பா மேலா, தேங்காய் துருவிய என் மேலா, தெரியாது.

15, வெள்ளி
ஜும்ஆ முடிந்து வாப்பா சாப்பிட உட்கார்ந்தார். சொல்லிவிட்டேன். "வாப்பா, நான் பேசாம இருந்தது சம்மதம் இல்ல."

"அப்ப விருப்பமில்லயா மகள்?"

மறுபடியும் ஊகம். "அதுவும் இல்ல. என்னட்டக் கேளுங்க."

கேட்டார். ஆளுக்கு ஓம், வேலையை விடமாட்டேன் என்றேன். உம்மா பெரிய மீன் துண்டை என் பீங்கானில் வைத்தார்.

வாப்பா கை கழுவிவிட்டு மாப்பிள்ளையின் மாமாவுக்கு ஃபோன் எடுத்தார். "மகள் ஓம் எண்டா. வேலய உடமாட்டாவாம். ரெண்டயும் சொல்லச் சொன்னா."

மறுமுனையில் சத்தமே இல்லை.

அதைச் சம்மதம் என்று எடுக்க வேண்டாம் என்று வாப்பாவுக்குக் கை காட்டினேன்.